சுமத்ரா 4 நாள் டூர்: புக்கிட் லாவாங் காடும் தோபா ஏரியும் ஒரே பேக்கேஜில் சரிப்பட்டு வருமா?

கேள்வி: தெற்குவாசல்

கோலாலம்பூர் வழியாக மேடான் போய், வடக்கு சுமத்ராவில் ஓராங்குட்டான் காட்டையும் தோபா ஏரியையும் சேர்த்துப் பார்க்கத் திட்டம். ஏஜென்ட் கொடுத்த நிரல் இது:

முதல் நாள் பகல் 1 மணிக்கு மேடானின் குவாலாநாமு விமான நிலையம், அங்கிருந்து புக்கிட் லாவாங். இரண்டாம் நாள் காலை காட்டு நடை, மதியம் கிளம்பி மலையூரான பெராஸ்தாகியில் இரவு. மூன்றாம் நாள் சிபிசோபிசோ அருவி, ஏரிக்கரை ஊரான பராபட், மாலைப் படகில் ஏரி நடுவிலுள்ள சமோசிர் தீவு. நான்காம் நாள் காலை தோமோக் கிராமம், இரவு 7 மணி விமானம்.

மொத்தம் ஐந்து பேர். ஒருவருக்கு 62 வயது, முழங்கால் வலி உண்டு. ஒரு பையனுக்குப் பத்து வயது. இரண்டு பேர் சுத்த சைவம். எல்லாம் இந்தியப் பாஸ்போர்ட். "ஓராங்குட்டான் நிச்சயம், பக்கத்தில் நின்று போட்டோ எடுக்கலாம்" என்று ஏஜென்ட் எழுதியே கொடுத்திருக்கிறார். இதில் எதை மாற்ற வேண்டும்? ஏஜென்டிடம் என்னென்ன கேட்க வேண்டும்?

பதில்: மைல்கல்

முதலில் ரோட்டுக் கணக்கைப் பார்ப்போம். வரைபடத்தில் பக்கத்தில் தெரிவதெல்லாம் சுமத்ராவில் பக்கம் இல்லை.

குவாலாநாமுவிலிருந்து புக்கிட் லாவாங்குக்கு மூன்றரை முதல் நாலரை மணி நேரம். மேடான், பிஞ்சாய் வரை டோல் ரோடு இருப்பதால் சிரமமில்லை. அதற்கப்புறம் எண்ணெய்ப்பனைத் தோட்டங்களுக்கு நடுவே போகும் சாலையைப் பழக்குலை ஏற்றிய லாரிகள் குழி குழியாக்கி வைத்திருக்கும். மழை பெய்தால் அந்தத் துண்டு மட்டும் ஒரு மணி நேரம் கூடுதலாகத் தின்னும். ஒரு மணிக்கு விமானம் இறங்கி, விசா வரிசை, பெட்டி எல்லாம் முடித்து மூன்று மணிக்குக் கிளம்பினால் இருட்டித்தான் சேர்வீர்கள். முதல் நாள் அதோடு சரி.

புக்கிட் லாவாங்கிலிருந்து பெராஸ்தாகிக்கு ஐந்து, ஆறு மணி நேரம். அங்கிருந்து அருவியில் நின்று பராபட் போய்ச் சேர நாலைந்து மணி நேரம். இரண்டாம் நாள் மதியம் கிளம்ப வேண்டுமென்றால் காட்டில் கிடைப்பது மூன்று மணி நேரம், அதில் முதல் அரை மணி ரப்பர் தோட்டத்தில் போய்விடும். ஏரிக்கரையில் கிடைப்பது ஓர் இரவும் அரைக் காலையும். நான்கு நாள் பகல் பொழுதில் கிட்டத்தட்டப் பாதி வண்டிக்குள்தான்.

இரண்டு வழி இருக்கிறது. நான்கு நாளுக்கு மேல் முடியாதென்றால் காடு அல்லது ஏரி, ஒன்றை விட்டுவிடுங்கள். ஒரு நாள் கூட்ட முடியுமென்றால், 5 பகல் 4 இரவில் பெராஸ்தாகியைக் கழற்றிவிட்டு இப்படிப் போடலாம்:

முதல் நாள் புக்கிட் லாவாங். இரண்டாம் நாள் முழுக்கக் காடு, இரவு அங்கேயே. மூன்றாம் நாள் காலை 6 மணிக்குக் கிளம்பி மேடான், தெபிங் திங்கி, சியாந்தார் வழியாகப் பராபட். டோல் ரோடு சியாந்தார் பக்கம் வரை நீண்டுவிட்டதால் மொத்தம் ஏழெட்டு மணி நேரத்தில் முடியும். நான்காம் நாள் முழுக்க சமோசிர். ஐந்தாம் நாள் காலை முதல் படகு, பராபட்டிலிருந்து விமான நிலையம் மூன்றரை முதல் நான்கரை மணி நேரம். உங்கள் இரவு 7 மணி விமானத்துக்கு இது தாராளம். மதிய விமானம் என்றால் வேண்டாம்.

பெராஸ்தாகி நல்ல ஊர்தான். 1300 மீட்டர் உயரம், குளிர், சிபாயாக் எரிமலை, காய்கறிச் சந்தை. ஆனால் அதற்கென்று தனியாக ஒரு நாள் ஒதுக்காமல் இரவில் போய்த் தூங்கி எழுந்து வருவதில் பயனில்லை. அருவியை விட மனமில்லையென்றால் ஆறு நாள் வைத்துக்கொள்ளுங்கள். 120 மீட்டர் ஒரே வீழ்ச்சியாக விழுவது. மேலிருந்தே ஏரியின் வடக்கு முனையும் சேர்ந்து தெரியும், படியிறங்கி அடிவாரம் போக வேண்டியதில்லை. முழங்கால் வலிக்காரர் இறங்கவே வேண்டாம்.

கிழமையும் முக்கியம். சனி, ஞாயிறில் மேடான்காரர்கள் பாதிப்பேர் புக்கிட் லாவாங் ஆற்றில்தான் இருப்பார்கள். காட்டு நடை செவ்வாய், புதன் போல அமையட்டும். நோன்புப் பெருநாள் விடுமுறையிலும் ஆண்டு இறுதியிலும் பராபட் படகுத்துறை வரிசை பல மணி நேரம் நகராது.

பதில்: கூடுகட்டி

அந்த "பக்கத்தில் நின்று போட்டோ" என்ற வரிக்காகவே ஏஜென்டை மாற்றலாம்.

புக்கிட் லாவாங்கில் 1973-ல் ஓராங்குட்டான் மறுவாழ்வு மையம் தொடங்கினார்கள். வீடுகளில் அடைத்து வளர்த்தவற்றைக் காட்டுக்குப் பழக்கி விடுவதற்காக. மேடை போட்டு உணவு கொடுத்த வழக்கம் நின்று பல ஆண்டு ஆகிறது. ஆனால் அப்படி விடப்பட்டவையும் அவற்றின் வாரிசுகளும் நடைபாதை ஓரத்திலேயே திரிகின்றன, மனிதரைக் கண்டு ஒதுங்குவதில்லை. அங்கே அவை எளிதில் கண்ணில் படுவதற்கு இதுதான் காரணம். சில கைடுகள் பழத்தைக் காட்டிக் கீழே இறக்குவதற்கும் இதுவே வசதி. "நிச்சயம்" என்று எழுதிக் கொடுப்பவர் எதை நம்பி எழுதுகிறார் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

பழம் கொடுப்பதில் என்ன தப்பு என்று கேட்பவர்கள் உண்டு. இரண்டு தப்பு. ஒன்று, நோய். நம் சளி, இருமல் அதற்கு நிமோனியாவாக முடியலாம். சுமத்ரா ஓராங்குட்டான் ஒரு குட்டி போட்டு அடுத்ததற்கு எட்டு ஒன்பது ஆண்டு எடுத்துக்கொள்ளும், ஒரு தாய் போனால் ஈடுகட்டுவது லேசில்லை. இரண்டு, பழக்கம். பையில் சாப்பாடு இருக்கிறது என்று கற்றுக்கொண்ட பெண் ஓராங்குட்டான் பையைப் பிடித்தால் விடாது. குட்டியோடு இருந்தால் கடிக்கவும் செய்யும்.

அதனால் 10 மீட்டர் தூரம், முகக்கவசம், சாப்பாட்டைக் கண்ணில் படும்படி எடுக்காதது, இந்த மூன்றையும் நீங்களே கடைப்பிடியுங்கள், கைடு சொல்லாவிட்டாலும். பிளாஸ்டிக் கவர் சரசரத்தால் போதும், தலை திரும்பும். அது நெருங்கி வந்தால் ஓடக்கூடாது. பையை முன்பக்கம் அணைத்துக்கொண்டு, முதுகைக் காட்டாமல் மெதுவாகப் பின்வாங்குங்கள், கைடை நடுவில் விடுங்கள். யாருக்காவது காய்ச்சல், சளி இருந்தால் அன்றைக்கு அறையிலேயே இருப்பதுதான் முறை.

இந்தக் காடு குனுங் லெயுசர் தேசியப் பூங்காவைச் சேர்ந்தது, கைடு இல்லாமல் உள்ளே போக அனுமதி கிடையாது. ஏஜென்டிடம் கேட்க வேண்டியது: பூங்கா அனுமதிச் சீட்டு தொகைக்குள் அடங்குமா, கைடிடம் கைடுகள் சங்கத்தின் உரிம அட்டை உண்டா, எத்தனை பேருக்கு ஒரு கைடு. ஐந்து பேருக்கு ஒரு கைடும் ஓர் உதவியாளரும் கட்டாயம் வேண்டும். முழங்கால் வலிக்காரர் பாதியில் திரும்ப நினைத்தால் கூட்டிவர ஆள் தேவை.

காட்டுக்குள் கைடு எதைப் பார்த்து நடக்கிறார் என்பதைக் கவனித்தால் உங்களுக்கும் கண் பழகும். காற்றே இல்லாதபோது ஒரே ஒரு கிளை ஆடுவது, மேலிருந்து கடித்த பழத்தோல் விழுவது, அப்புறம் கூடு. ஓராங்குட்டான் ஒவ்வொரு மாலையும் புதுக்கூடு கட்டும், கிளைகளை உள்நோக்கி மடித்து, மேலே இலை பரப்பி, சில நிமிடத்தில். அண்ணாந்து பார்த்தால் கவைக்கிளையில் ஒரு கட்டு இலை. பச்சையாக இருந்தால் நேற்றையது, ஆள் பக்கத்தில் இருக்கலாம். பழுப்பாகி இடைவெளியில் வானம் தெரிந்தால் பழையது, நடையைக் கட்டலாம்.

இதே லெயுசர் காட்டின் மேற்கே, சுவாக் பாலிம்பிங்கில், ஓர் ஆண் ஓராங்குட்டான் முகத்துக் காயத்தில் மூலிகைக் கொடியின் இலையை மென்று பற்றுப் போட்டதை ஆய்வாளர்கள் பதிவுசெய்து 2024-ல் வெளியிட்டார்கள். பையனுக்கு நடக்கும்போது சொல்ல நல்ல கதை.

ஓராங்குட்டானை மட்டும் தேடிக்கொண்டு போனால் பாதிக் காட்டைத் தவறவிடுவீர்கள். தலையில் சீவி நிறுத்திய கொண்டையோடு, வெள்ளை வயிறும் சாம்பல் முதுகுமாக இருக்கும் தாமஸ் இலைக்குரங்கு சுமத்ராவின் வடக்கே தவிர உலகில் எங்கும் இல்லை. வெண்கைக் கிப்பன் என்ற வாலில்லாக் குரங்கு பாடுவது காலை 8, 9 மணிக்குள். இருவாச்சி தலைக்கு மேல் போனால் ரயில் எஞ்சின் மூச்சுவிடுவது போல இறக்கைச் சத்தம்தான் முதலில் வரும். மேலே ஓராங்குட்டானைப் பார்த்துக்கொண்டே நடக்காதீர்கள், நின்று பாருங்கள். அங்கே விழுபவர்களில் பெரும்பாலோர் வேரில் தடுக்கி விழுபவர்கள்.

தெற்குவாசல்

நன்றி. 5 நாளாக்கச் சொல்லிவிட்டேன். பையனும் முழங்கால் வலிக்காரரும் முழு நாள் நடை தாங்குவார்களா? அட்டைப்பூச்சி எப்படி? திரும்பும்போது டியூபில் ஆற்றில் வரலாம் என்கிறார்களே, பத்திரமா?

பதில்: கூடுகட்டி

உயரம் அதிகமில்லை, ஆனால் சரிவு செங்குத்து. மண் படியும் வேரும்தான் பிடிமானம். முழு நாள் என்றால் ஆறேழு மணி நேரம், ஏற்றத்தைவிட இறக்கம்தான் முழங்காலைப் பதம் பார்க்கும். குழுவை இரண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள்: அவர்கள் இருவரும் ஒரு பெரியவரும் மூன்று மணி நேர அரை நாள் நடை, மற்ற இருவர் முழு நாள். அரை நாளிலும் ஓராங்குட்டான் தென்பட நல்ல வாய்ப்பு இருக்கிறது, ஓரக்காட்டில்தான் அந்தப் பழகியவை அதிகம். இரண்டு குழு என்றால் இரண்டு கைடு, இதை முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

ஷூவைவிடப் பிடிமானம்தான் விஷயம். உள்ளூர்க் கைடுகள் மேடான் கடைகளில் விற்கும் மலிவான முள் ரப்பர் ஷூவில்தான் நடப்பார்கள். தேய்ந்த ஓட்ட ஷூ வேண்டாம். ஆளுக்கு 2 லிட்டர் தண்ணீர், உப்பு சர்க்கரைக் கரைசல் பொட்டலம், மாற்றுச் சட்டை ஒன்று பிளாஸ்டிக்கில் சுற்றி. உடல் வியர்த்து ஊற்றும், காற்றில் ஈரம் நிறைந்திருப்பதால் உலராது. தலைவலி வருகிறது என்றால் தண்ணீரும் உப்பும் குறைந்திருக்கலாம்.

அட்டை மழைக்காலத்தில் இருக்கும். செப்டம்பரிலிருந்து டிசம்பர் வரை மழை கனமானது. பேன்ட்டைச் சாக்ஸுக்குள் செருகுங்கள். ஒட்டிக்கொண்டால் உப்பு, நெருப்பு எதுவும் வேண்டாம், அது வயிற்றிலிருப்பதைக் கடிவாயிலேயே கக்கிவிட்டு விழும், அப்புறம் சீழ் பிடிக்கும். நகத்தைத் தோலோடு ஒட்டிச் சரித்து, மெல்லிய முனைப் பக்கத்தை முதலில் நெம்பி எடுங்கள். ரத்தம் கொஞ்ச நேரம் நிற்காது, பயப்பட ஒன்றுமில்லை. டெங்குக் கொசுதான் உண்மையான கவலை, பகலிலும் கொசுத் தைலம் பூசுங்கள்.

டியூப் என்பது லாரி டியூப் நாலைந்தைக் கயிற்றால் கட்டி, முன்னும் பின்னும் மூங்கில் கழியோடு ஆள் நின்று தள்ளுவது. தெளிந்த தண்ணீரில் பையனுக்குக் கொண்டாட்டம், முழங்கால் வலிக்காரருக்கு இறக்கம் மிச்சம். உயிர்காப்பு உடையைக் கேட்டு வாங்குங்கள். தண்ணீர் காபி நிறமாக மாறி, குச்சியும் இலையும் மிதந்து வந்தால் மேலே மழை பெய்திருக்கிறது என்று அர்த்தம், வெயிலடித்தாலும் ஏறக்கூடாது. 2003 நவம்பரில் இந்த போஹோரோக் ஆறு இரவில் புரட்டி வந்து இருநூறுக்கும் மேற்பட்டோரைக் கொண்டுபோனது. ஆற்றங்கரை விடுதியில் அறை எடுத்தால் மேட்டுக்குப் போகும் வழியை வெளிச்சத்திலேயே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

பதில்: ஊலோஸ்

ஏரிப் பக்கம் யாரும் பேசவில்லையே. பேக்கேஜ்களில் தோபாவை "அழகான ஏரி, நினைவுப்பொருள் கடை" என்று முடித்துவிடுகிறார்கள். அங்கே பார்க்க வேண்டியது அந்தப் பகுதியின் பூர்வகுடிகளான பாத்தாக் மக்களின் ஊர்.

ஏரி சுமார் 100 கிலோமீட்டர் நீளம், 30 கிலோமீட்டர் அகலம், ஆழம் 500 மீட்டருக்கு மேல். சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்த பெரும் எரிமலையின் பள்ளம். அந்தச் சாம்பல் ஆந்திராவின் ஜ்வாலாபுரத்தில் மண்ணடுக்காகவே கிடைக்கிறது, அவ்வளவு பெரிய வெடிப்பு. நடுவில் இருக்கும் சமோசிர் தீவு சிங்கப்பூரைவிடக் கொஞ்சம்தான் சின்னது. அதனால் "தீவைச் சுற்றிப் பார்ப்பது" என்று நிரலில் இருந்தால் எந்தக் கிராமங்கள் என்று கேளுங்கள்.

சமோசிரில் விடுதிகள் நிறைந்த துக்துக்கில் தங்கினால் மூன்று இடம் ஒரு நாளில் முடியும், இந்த வரிசையில். காலையில் முதலில் சிமானிண்டோ. பழைய அரச வீட்டை அருங்காட்சியகமாக்கி, கொண்டாங் மேளத்தோடு தோர்தோர் நடனம் நடத்துகிறார்கள். காட்சி முற்பகலில் மட்டும், மதியம் போய் நின்றால் காலி முற்றத்தைத்தான் பார்க்கலாம். நேரத்தை விடுதியில் முந்தின நாளே உறுதிசெய்யுங்கள். திரும்பும் வழியில் அம்பாரிதா, சியாலாகான் கிராமம்: ஆலமரத்துக்குக் கீழே கல் நாற்காலிகள், அரசர் வழக்கு விசாரித்த இடம். கைடுகள் நரமாமிசக் கதையைச் சுவையூட்டிச் சொல்வார்கள், பையனுக்குக் கேட்கலாமா என்று முன்பே முடிவெடுங்கள். கடைசியில் தோமோக்: சிடாபுதார் அரசர்களின் கல் சவப்பெட்டிகள், சிகாலே காலே மரப்பொம்மை. பிள்ளையில்லாமல் இறந்தவரின் சடங்கில், பிள்ளை ஆட வேண்டிய இடத்தில் ஆடவைத்த பொம்மை அது. இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் பொம்மலாட்டமாகத் தெரியாது. தோமோக் கடைத்தெரு நீளம், முதலில் போனால் அங்கேயே பொழுது போய்விடும்.

பாத்தாக் வீட்டில் நின்று பார்க்க: கூரை நடுவில் தாழ்ந்து இரு முனையும் தூக்கி இருக்கும், வாசல் வேண்டுமென்றே தாழ்வு, குனியாமல் உள்ளே போக முடியாது. முகப்பின் கோர்கா செதுக்கலில் சிவப்பு, வெள்ளை, கருப்பு மூன்றே நிறம். அதில் பல்லி ஒன்று முலைகளை நோக்கி இருக்கும். பல்லி எங்கும் ஒட்டி வாழும், ஆனால் எங்கே போனாலும் தாய்வீட்டை மறக்கக்கூடாது என்பது அவர்கள் சொல்லும் விளக்கம்.

பாத்தாக் மக்கள் நெய்யும் ஊலோஸ் துணி வாங்குவதென்றால் கண்ணால் மட்டும் பார்க்காதீர்கள், கையில் எடுங்கள். மில் துணி லேசாக, இரு ஓரமும் கோடு போட்டதுபோல இருக்கும். இடுப்புத்தறித் துணி கனமாக, ஓரம் துளி அலையாக, குஞ்சம் ஒவ்வொன்றும் கையால் முறுக்கியதாக இருக்கும். விலை பல மடங்கு வித்தியாசம், அதில் நியாயமும் உண்டு. சிபோலாங் வகை துக்கத்துக்கும் போர்த்துவது. ஊருக்குப் போய்க் கல்யாணப் பரிசாகக் கொடுப்பதற்கு முன் எதற்கு எந்த வகை என்று கடைக்காரரைக் கேளுங்கள்.

தமிழர்களுக்கென்று ஒரு செய்தி. பெராஸ்தாகிப் பக்கத்துப் பாத்தாக் பிரிவான கரோ மக்களின் செம்பிரிங் குலத்தில் சோலியா, பாண்டியா, மெலியாலா, பிராமனா என்று உட்பிரிவுகள் உண்டு. மேற்குக் கரையில் பாரூஸ் அருகே லோபு துவாவில் 1088-ஆம் ஆண்டின் தமிழ்க் கல்வெட்டு கிடைத்தது, ஐந்நூற்றுவர் வணிகக் குழுவினுடையது. கரோ டிரைவர் அமைந்தால் குலப்பெயரைக் கேளுங்கள், அங்கே அது மரியாதையான கேள்விதான். தோபா பக்கத்தில் வணக்கம் "ஹோராஸ்", கரோ பக்கத்தில் "மெஜுவா ஜுவா".

ஞாயிறு காலை சமோசிரில் ஊரே தேவாலயத்தில் இருக்கும். ஏரி நாள் ஞாயிறில் விழாமல் பாருங்கள்.

பதில்: அரைப்படி

சைவத்துக்கு. புக்கிட் லாவாங் இருக்கும் லங்காட் பகுதி பெரும்பாலும் முஸ்லிம், தோபா கிறிஸ்தவம். ஏரிப் பக்கக் கடைப் பலகையில் பி2 என்றால் பன்றி, பி1 என்றால் நாய். பிபிகே என்றால் கரோ பாணி சுட்ட பன்றி. இந்த மூன்றையும் தெரிந்துகொண்டால் தப்பிக்கலாம். பாடாங் சோற்றுக்கடையில் மாட்டிறைச்சி சகஜம்.

தெம்பே (புளிக்கவைத்த சோயாக் கட்டி), தாஹு (டோஃபு), காடோ காடோ (கடலைச் சாந்து ஊற்றிய காய்கறி), காய்கறி மீ கோரெங் (வறுத்த நூடுல்ஸ்) எங்கும் கிடைக்கும். சிக்கல் சம்பல் என்ற மிளகாய் விழுதில். அதில் தெராசி என்ற இறால் விழுது அரைத்திருக்கும், கேட்டால் "மாமிசம் இல்லை" என்பார்கள், அவர்கள் கணக்கில் அது மாமிசமில்லை. "தன்பா டாகிங், தன்பா இகான், தன்பா உடாங், தன்பா தெராசி" (இறைச்சி, மீன், இறால், தெராசி இல்லாமல்) என்று நான்கையும் தனித்தனியாகச் சொல்லுங்கள். காட்டு நடைச் சாப்பாடு வாழையிலையில் கட்டிய நாசி கோரெங்காக (வறுத்த சோறு) வரும், முட்டையும் இறால் அப்பளமும் சேர்ந்தே. முதல் நாள் மாலையே சொன்னால்தான் மாறும். ஊறுகாய்ப் பாட்டில் ஒன்று பெட்டியில் இருக்கட்டும்.

மேடானில் ஒரு மணி நேரம் கிடைத்தால் கம்போங் மெட்ராஸ். 1880-களில் கட்டிய மாரியம்மன் கோயில் அங்கே இருக்கிறது, மேடானைச் சுற்றியுள்ள டெலி பகுதித் தோட்டங்களுக்கு வேலைக்கு வந்த தமிழர்களின் கோயில்.

விசா: வந்திறங்கியதும் எடுப்பது, ஆளுக்கு 5 லட்சம் ரூப்பியா, 30 நாள், பையனுக்கும் உண்டு. ஆன்லைனில் முன்பே எடுத்தால் வரிசை மிச்சம். பாஸ்போர்ட்டில் ஆறு மாதம் பாக்கி வேண்டும். பணத்தை மேடானிலேயே எடுத்துவிடுங்கள், புக்கிட் லாவாங்கில் ஏடிஎம்மை நம்பக்கூடாது. 5,000, 10,000 தாள்கள் தனியாக வையுங்கள், நடனக்காரர் விரலிடுக்கில் செருகுவதற்கும் படகுக்கும். தோபாவில் இரவு குளிரும், ஒரு ஸ்வெட்டர் போதும்.

பதில்: மைல்கல்

படகைப் பற்றி ஒன்று விட்டுப்போயிற்று. பராபட்டில் இரண்டு துறை. திகாராஜா துறையிலிருந்து ஆட்கள் மட்டும் ஏறும் படகு, துக்துக்கில் உங்கள் விடுதிப் படித்துறையிலேயே இறக்கிவிடும். வண்டி ஏறும் ஃபெர்ரி பக்கத்து அஜிபாதாவிலிருந்து. வண்டி கூடவே தீவுக்கு வருமா, இல்லை பராபட்டில் இறக்கிவிட்டு டிரைவர் திரும்பிவிடுவாரா என்று ஏஜென்டிடம் எழுத்தில் வாங்குங்கள். வராது என்றால் நான்காம் நாள் சிமானிண்டோவுக்குப் போக வர அங்கே தனி வண்டி எடுக்க வேண்டும், அது யார் செலவு என்பதில்தான் தகராறு வரும்.

மதியத்துக்கு மேல் காற்று எழும், ஏரி கடல்போல ஆகிவிடும். 2018 ஜூன் 18-ல் சிமானிண்டோவிலிருந்து திகாராஸ் போன படகு கொள்ளளவைப்போலப் பல மடங்கு ஆளும் மோட்டார் சைக்கிளும் ஏற்றிக் கவிழ்ந்து, 160-க்கும் மேற்பட்டோர் கிடைக்காமலே போனார்கள். மேல்தளத்தில் ஆள் நெருங்கி நின்றால் அடுத்த படகுக்குக் காத்திருங்கள். உயிர்காப்பு உடை எந்தப் பெட்டியில் இருக்கிறது என்று ஏறியதும் பாருங்கள்.

படகே வேண்டாம் என்றால் தரைவழியும் இருக்கிறது: மேற்கே தேலே மலையிறக்கம், தீவைக் கரையோடு இணைக்கும் பாங்குருரான் பாலம். பெராஸ்தாகி வழியாக வருபவர்களுக்கு அது பொருந்தும். உங்கள் நிரலுக்குச் சுற்று. மூன்றாம் நாள் மேடானில் சிக்கிப் பராபட் சேரவே இருட்டிவிட்டால் அன்றிரவு பராபட்டிலேயே அறை எடுத்துவிட்டு, காலை முதல் படகில் போய் நேராக சிமானிண்டோ காட்சியைப் பிடியுங்கள்.